கேமராவுக்கு எதிரே அப்பா

பழைய குடும்பப் படச்சுருள்களில் அப்பாக்களை அதிகம் பார்க்க முடியாது. கடற்கரையில் அம்மா நிற்பாள், பிள்ளைகள் மணலில் உருளுவார்கள், பாட்டி வெயிலுக்குக் கண்ணைச் சுருக்கிக்கொண்டு சிரிப்பாள். அப்பா மட்டும் இருக்கமாட்டார், ஏனென்றால் படம் எடுப்பவரே அவர்தான். 1965இல் கோடாக் நிறுவனம் சூப்பர் 8 சுருளைக் கொண்டுவந்த பிறகு அமெரிக்காவிலும் ஐரோப்பாவிலும் ஜப்பானிலும் நடுத்தரக் குடும்பங்கள் தங்கள் வாழ்க்கையைத் தாங்களே படம் பிடிக்கத் தொடங்கின. கருவி பெரும்பாலும் குடும்பத் தலைவரின் கையில்தான் இருந்தது. யார் எங்கே நிற்க வேண்டும், எப்போது கையசைக்க வேண்டும் என்று சொல்பவரும் அவரே. அந்தக் கருவியை மகள் வாங்கித் திருப்பி, அப்பாவின் முகத்துக்கு நேரே பிடித்தபோது ஆவணப்படத்தில் ஒரு தனி வகை உருவாயிற்று. 1995இல் சோனியின் விஎக்ஸ்1000 போன்ற கையடக்க டிஜிட்டல் கேமராக்கள் வந்ததும் அந்த வகை பெருகியது. ஒளிப்பதிவாளர், ஒலிப்பதிவாளர், விளக்கு என்று ஒரு கூட்டத்தை வீட்டுக்குள் கூட்டிவரத் தேவையில்லை. மகள் ஒருத்தி சமையலறை வாசலில் நின்றே ஒரு முழுநீளப் படத்தை எடுத்துவிடலாம்.

இவ்வகைப் படங்களைப் பற்றி எப்போதும் எழும் கேள்வி ஒன்று உண்டு. பெற்ற மகள் என்ற நெருக்கம் உண்மையைக் காட்டுமா, மறைக்குமா? பாசம் கண்ணை மறைக்கும் என்று ஒரு சாரார் சொல்கிறார்கள். வெளியாள் பத்து வருடம் சுற்றி வந்தாலும் பார்க்க முடியாததை மகள் ஒரே மாலையில் பார்த்துவிடுவாள் என்கிறார்கள் மற்றவர்கள். எனக்கு இரண்டுமே பாதி உண்மையாகத்தான் படுகிறது. நெருக்கம் வீட்டுக்குள் நுழைய உதவுகிறது, அதற்கு மேல் அது உதவுவதில்லை. அப்பா வாழ்ந்த வாழ்க்கைக்கு அந்த வீட்டில் யார் யார் விலை கொடுத்தார்கள் என்ற கணக்கை மகள் எடுத்துப் பார்க்கிறாளா? நல்ல படத்தையும் மணிவிழா மலரையும் பிரிப்பது அந்தக் கணக்குதான். கணக்கைத் திறந்தவுடன் அநேகமாக எல்லாப் படங்களிலும் முதலில் வந்து நிற்பவள் அம்மா.

இதை யாங் யோங்-ஹியின் படங்களைப் போலத் தெளிவாகக் காட்டும் உதாரணம் வேறில்லை. 1964இல் ஒசாகாவில் பிறந்தவர் அவர். அப்பா ஜேஜு தீவிலிருந்து ஜப்பானுக்கு வந்தவர், வடகொரியாவை ஆதரிக்கும் சோரென் அமைப்பில் பொறுப்பு வகித்தவர், வடகொரியத் தலைவரின் படத்தை வீட்டுச் சுவரில் மாட்டி வைத்து அதன் கீழே வாழ்ந்தவர். 1959 முதல் 1984 வரை ஜப்பானிலிருந்து ஏறத்தாழ 93,000 பேர் வடகொரியாவில் போய்க் குடியேறினார்கள். ஜப்பானில் கொரியர்கள் பட்ட இழிவும் வறுமையும் அவர்களைத் தள்ளின. வேலை, படிப்பு, வைத்தியம் எல்லாம் இலவசம் என்ற வாக்குறுதி இழுத்தது. 1970களின் தொடக்கத்தில் இந்த அப்பா தம் மூன்று மகன்களையும் கப்பலேற்றி அனுப்பினார். போனவர்கள் திரும்பி வர வழியில்லை. கடைக்குட்டி மகளுக்கு அப்போது ஆறு வயது.

2005இல் வந்த ‘டியர் பியோங்யாங்’ படம் அந்த மகள் பத்து ஆண்டுகள் எடுத்த காட்சிகளால் ஆனது. ஒசாகா வீட்டில் அப்பா பனியனோடு தரையில் உட்கார்ந்து குடிக்கிறார், சிரிக்கிறார், மகளின் கல்யாணத்தைப் பற்றிக் கேலி பேசுகிறார். அமெரிக்கன் வேண்டாம், ஜப்பானியன் வேண்டாம், கொரியனாக இருந்தால் யாராக இருந்தாலும் சரி என்கிறார். இவரை வெறுக்க நம்மால் முடியாது. பிறகு படம் பியோங்யாங்குக்குப் போகிறது. எழுபதாவது பிறந்தநாள் விழாவில் சட்டையெல்லாம் பதக்கங்களோடு நிற்கும் அதே மனிதர், தாம் தலைவருக்குச் செய்த சேவை போதாது, தம் வாரிசுகளையும் அதே வழியில் வார்க்க வேண்டும் என்று பேசுகிறார். அதே மண்டபத்தில் மகன்கள் உட்கார்ந்திருக்கிறார்கள். மகள் கேமராவை நிறுத்தவில்லை. இந்த இரண்டு அப்பாக்களும் ஒருவர்தான் என்பதை ஏற்றுக்கொள்ள அவருக்கு எத்தனை வருடம் ஆகியிருக்கும் என்பதைப் படத்தின் அமைப்பே சொல்லிவிடுகிறது.

அம்மாவோ ஒசாகா வீட்டில் அட்டைப் பெட்டிகளை நிரப்பிக்கொண்டிருக்கிறார். மருந்து, குளிருக்கு உடம்பில் ஒட்டிக்கொள்ளும் சூட்டுப் பட்டைகள், பேரப்பிள்ளைகளுக்குப் பென்சில், நோட்டு என்று எல்லாவற்றையும் திணித்துக் கட்டி மாதங்கள், வருடங்களாக அனுப்பிக்கொண்டே இருக்கிறார். அப்பாவின் கொள்கை அனுப்பிவைத்த பிள்ளைகளை உயிரோடு வைத்திருந்தவை அம்மா கட்டிய பார்சல்கள். படத்தில் யாரும் இதை வாய்விட்டுச் சொல்வதில்லை. சொல்ல வேண்டியதுமில்லை, பெட்டிகளை அடுக்கும் அந்தக் கைகளை மகள் விடாமல் பார்த்துக்கொண்டிருந்தாலே போதும்.

பல வருடம் கழித்து மகள் அந்தக் கேள்வியைக் கேட்கிறார். அண்ணன்களை அனுப்பியது சரியா? அப்பா சுற்றி வளைக்கிறார், காலத்தின் மேல் பழியைப் போடுகிறார், கடைசியில் அனுப்பாமல் இருந்திருக்கலாம் என்ற இடத்துக்கு மெல்ல வந்துசேருகிறார். ஒரு வாழ்நாள் முழுவதும் கட்டிய நம்பிக்கையை ஒரு மனிதர் மகளின் முன்னால் இறக்கி வைக்கும் கணம் அது. வெளியிலிருந்து வந்த பத்திரிகையாளர் கேட்டிருந்தால் அவருக்குக் கிடைத்திருப்பது கட்சிப் பேச்சுதான். சில காலத்தில் அப்பா பக்கவாதத்தில் படுத்துவிட்டார். 2009இல் இறந்தார். படம் சன்டான்ஸ் விழாவில் 2006இல் சிறப்பு ஜூரி விருது பெற்றது. வடகொரியாவுக்குள் நுழையத் தடை விதிக்கப்பட்டதால் மகளால் அண்ணன்களைப் போய்ப் பார்க்க முடியாமல் போயிற்று. அப்பாவைப் படமெடுத்ததற்கு அவர் கொடுத்த விலை இது. இந்த வகைப் படங்களைத் தன்னிரக்கம் என்று ஒதுக்குபவர்கள் இந்த இடத்தில் ஒரு கணம் நிற்க வேண்டும்.

யாங் அதோடு நிறுத்தவில்லை. 2021இல் ‘சூப் அண்ட் ஐடியாலஜி’ என்ற படத்தில் அம்மாவிடம் போனார். பதினெட்டு வயதில், 1948இல், ஜேஜு தீவில் தென்கொரிய அரசுப் படைகள் நடத்திய படுகொலைகளைக் கண்ணால் பார்த்துவிட்டுத் தப்பி ஓடிவந்தவர் அம்மா என்பது அதில்தான் வெளிவருகிறது. தென்கொரியாவை ஏன் அந்த வீடு அவ்வளவு வெறுத்தது, ஏன் மகன்களை வடக்கே அனுப்பியது என்ற கேள்விக்கு விடை அம்மாவிடம் இருந்திருக்கிறது. அவர் பேசத் தொடங்கிய காலத்தில் அல்சைமர் நோய் அவர் நினைவைத் தின்னத் தொடங்கிவிட்டது. முதல் படம் அப்பாவின் கொள்கையை வீட்டின் மூலகாரணமாக வைத்திருந்தது. பின்னால் வந்த இந்தப் படம் அந்தக் காரணத்துக்கும் அடியில் கிடந்த பயத்தைத் தோண்டி எடுத்தது. இரண்டையும் சேர்த்துப் பார்க்காதவர் அந்த அப்பாவை முழுதாகப் பார்க்கவில்லை என்றே சொல்வேன்.

அமெரிக்காவில் சூ ஃப்ரீட்ரிக் இந்த வரிசையைத் தலைகீழாகச் செய்தார். முதலில் 1984இல் அம்மாவைப் பற்றி ஒரு படம். ஜெர்மனியில் நாஜிகள் காலத்தில் வளர்ந்தவர் அம்மா. பிறகு 1990இல் அப்பாவைப் பற்றி ‘சிங்க் ஆர் ஸ்விம்’. அப்பா மானிடவியலும் மொழியியலும் கற்ற பேராசிரியர். நீச்சல் எப்படி அடிப்பது என்று வாயால் விளக்கிவிட்டு, சிறுமியை நீச்சல் குளத்தின் ஆழமான பக்கத்தில் தூக்கிப் போட்டவர். 48 நிமிடப் படம் இருபத்தாறு சிறு கதைகளாக, ஆங்கில அகரவரிசையின் கடைசி எழுத்தில் தொடங்கி முதல் எழுத்தில் முடிகிறது. கதைகளை வாசிப்பது ஒரு சிறுமியின் குரல். அவள் ‘நான்’ என்று சொல்வதில்லை. ‘ஒரு பெண்’ என்றே சொல்கிறாள். ‘என் அப்பா’ என்று தொடங்கும் வாக்கியம் பார்வையாளரின் இரக்கத்தை எளிதில் வாங்கிவிடும். ஃப்ரீட்ரிக் அந்த எளிய வழியை விட்டுவிட்டு, கல்வியாளரான அப்பாவின் உலர்ந்த விவரிப்பு முறையையே கையிலெடுத்து அவர்மேல் பிரயோகிக்கிறார். 2015இல் அமெரிக்க நாடாளுமன்ற நூலகத்தின் தேசியத் திரைப்படப் பதிவேட்டில் இந்தப் படம் சேர்க்கப்பட்டது.

லின் சாக்ஸ் வேறு பாதையில் போனவர். அப்பா யூட்டா மாநிலத்தின் பார்க் சிட்டியில் உல்லாசமாக வாழ்ந்த தொழிலதிபர். 1984 முதல் 2019 வரை முப்பத்தைந்து ஆண்டுகள் சாக்ஸ் அவரைப் படம் பிடித்தார். 8 மி.மீ., 16 மி.மீ., வீடியோ நாடா, டிஜிட்டல் என்று கருவிகள் மாறிக்கொண்டே இருந்தன, அப்பாவின் சிரிப்பு மாறவில்லை. எந்தக் கேள்விக்கும் அவர் நேராகப் பதில் சொல்வதில்லை. இதற்கிடையில் மகளுக்குத் தெரியாமலே உடன்பிறப்புகள் இருப்பது வயதான பிறகு தெரியவருகிறது. மொத்தம் ஒன்பது பிள்ளைகள், வெவ்வேறு தாய்கள். 2020இல் வெளியான ‘ஃபிலிம் அபவுட் எ ஃபாதர் ஹூ’ படத்தில் முதிய அப்பாவின் சிக்கலான முடியை மகள் கத்தரித்துவிடும் காட்சி ஒன்று இருக்கிறது. கோபமும் பணிவிடையும் ஒரே விரல்களில் தெரிகின்றன. ஆனால் படத்தின் கனமான பகுதி அப்பா இல்லாத அறையில் நடக்கிறது. அந்தப் பிள்ளைகள் கூடி உட்கார்ந்து, யாருக்கு எந்த அப்பா கிடைத்தார், யார் மறைத்து வைக்கப்பட்டார்கள் என்று ஒருவருக்கொருவர் சொல்லிக்கொள்கிறார்கள். பதில் சொல்லாத அப்பாவை விட்டுவிட்டு அவரைச் சுற்றி இருந்தவர்களிடம் போனதுதான் சாக்ஸ் எடுத்த சரியான முடிவு. அதை எடுக்க முப்பது ஆண்டுக்கு மேல் ஆயிற்று என்பதையும் படம் மறைக்கவில்லை.

பொது வாழ்க்கையில் பெயர் பெற்ற அப்பாக்களின் மகள்களுக்கு வேறொரு நெருக்கடி. வில்லியம் கன்ஸ்லர் அமெரிக்காவின் புகழ்பெற்ற வழக்கறிஞர். சிகாகோ சதி வழக்கிலும், 1971இல் அட்டிகா சிறைக் கிளர்ச்சியிலும், வூண்டட் நீ பூர்வகுடிகள் போராட்டத்திலும் நின்றவர். அவர் மகள்கள் எமிலியும் சாராவும் பிறந்து வளர்ந்தபோது அந்த வீரக்கதைகள் பழையதாகிவிட்டன. கொலைக் குற்றம் சாட்டப்பட்டவர்களுக்கு அப்பா வாதாடியதும், எதிர்ப்பாளர்கள் வீட்டு வாசலில் கூடி முழங்கியதும்தான் அவர்கள் கண்ட காலம். நியூயார்க் சென்ட்ரல் பார்க் வன்முறை வழக்கில் தண்டிக்கப்பட்ட கறுப்பின இளைஞர் ஒருவருக்காக அப்பா மேல்முறையீட்டில் நின்றபோது அவர்கள் வெட்கப்பட்டார்கள். கன்ஸ்லர் 1995இல் இறந்தார். 2002இல் உண்மைக் குற்றவாளி ஒப்புக்கொண்டு, மரபணுச் சோதனையும் அதை உறுதி செய்ய, அந்த வழக்கில் தண்டிக்கப்பட்ட இளைஞர்கள் ஐவர் மீதான தண்டனைகளும் ரத்தாயின. 2009இல் மகள்கள் எடுத்த ‘டிஸ்டர்பிங் த யுனிவர்ஸ்’ படம் அப்பாவிடம் சொல்ல முடியாமல் போன ஒப்புதல். புகழ்மாலையாக முடிந்திருக்கக்கூடிய படத்தை அந்த வெட்கம் காப்பாற்றியது.

அர்ஜென்டினாவில் கேள்வி இன்னும் கூர்மை பெற்றது. 1976க்குப் பிந்தைய ராணுவ ஆட்சியில் காணாமல் ஆக்கப்பட்டவர்களின் பிள்ளைகள் வளர்ந்து கேமராவை எடுத்தார்கள். மரியா இனெஸ் ரோக்கேயின் ‘பப்பா இவான்’, ஆயுதப் போராட்டத்தில் 1977இல் உயிரிழந்த அப்பாவைப் பற்றியது. செத்த வீரனைவிட உயிருள்ள அப்பா வேண்டும் என்ற மகளின் ஏக்கத்தை அது ஒளிக்கவில்லை. அல்பெர்த்தினா கார்ரி 2003இல் எடுத்த ‘லோஸ் ரூபியோஸ்’ அதைவிடத் துணிச்சலானது. அப்பா ரொபெர்த்தோ கார்ரி சமூகவியலாளர். அவரும் அம்மாவும் 1977இல் கடத்தப்பட்டபோது அல்பெர்த்தினா சின்னக் குழந்தை. நினைவு என்று சொல்ல எதுவும் இல்லாததால் அவர் தமக்குப் பதில் ஒரு நடிகையை நடிக்கவைத்தார், கடத்தலைப் பிளாஸ்டிக் பொம்மைகளால் காட்டினார். பெற்றோரின் தோழர்களுடைய சாட்சியங்களை இன்னும் கவனமாகச் சேர்க்க வேண்டும் என்று சொல்லி அந்நாட்டுத் திரைப்படக் கழகம் நிதி உதவியை மறுத்தது. அந்தக் கடிதத்தையே படத்துக்குள் வாசிக்கிறார்கள். அந்தத் தலைமுறை தங்கள் தோழரைப் பற்றிய படத்தைக் கேட்டது. மகள் தனக்குக் கிடைக்காமல் போனதைப் பற்றிய படத்தை எடுத்தாள். என் தீர்ப்பு மகளின் பக்கம்தான்.

அப்பாவே இல்லாத வீட்டில் தேடலே படமாகிவிடும். ஜப்பானில் நவோமி கவாஸே தம் இருபதுகளின் தொடக்கத்தில், 1992இல், தம்மைக் கைவிட்டுப் போன அப்பாவைக் குடும்பப் பதிவேட்டின் முகவரிகளைப் பிடித்துக்கொண்டு தேடிப் போனார். அப்பா கூடவே இருந்தாலும் அவருடைய கடந்தகாலத்தைத் தேட வேண்டியிருக்கும். கம்போடியாவில் பிறந்து பிரான்சில் வளர்ந்த நியாரி அடலின் ஹே, 2018இல் ‘அங்கார்’ படத்தில் அப்பாவோடு அவர் க்மெர் ரூஜ் ஆட்சியில் அடிமைபோல் உழைத்த கிராமத்துக்குத் திரும்பினார். ஈரானின் ஃபிரூஸே கொஸ்ரோவானி 2020இல் எடுத்த ‘ரேடியோகிராஃப் ஆஃப் எ ஃபேமிலி’ இவற்றிலிருந்தெல்லாம் தனித்து நிற்பது. ஜெனீவாவில் எக்ஸ்ரே மருத்துவம் படித்துக்கொண்டிருந்த அப்பா கல்யாணத்துக்கு வர முடியாததால், டெஹ்ரானில் அம்மா அவருடைய புகைப்படத்தை மணந்துகொண்டாள். இசையும் உலகியலும் அப்பா, தொழுகையும் புரட்சியும் அம்மா. ஒரே வீட்டின் இரு பாதிகளையும் மகள் ஒரே நியாயத்தோடு நடத்தியிருப்பது அரிய சாதனை. ஆம்ஸ்டர்டாம் ஆவணப்பட விழாவில் அந்த ஆண்டின் முதல் பரிசு இதற்குத்தான்.

நோயில் படுத்த அப்பாவைப் படமெடுப்பது பற்றிக் கொஞ்சம் நின்று பேச வேண்டும். மாமி சுனதாவின் ‘எண்டிங் நோட்’ (2011), நாற்பது ஆண்டுக்கு மேல் ஒரே நிறுவனத்தில் உழைத்து ஓய்வு பெற்றவுடன் முற்றிய வயிற்றுப் புற்றுநோய் என்று அறிந்த அப்பாவின் கடைசி மாதங்கள். இயக்குநர் ஹிரோகஸு கொரே-எடா தயாரித்தார். விற்பனைப் பிரிவில் இருந்த மனிதர், தம் சாவையும் ஒரு திட்டம்போல் வரிசைப்படுத்தி முடிக்கிறார். பின்னணிக் குரலில் மகள் அப்பாவாகவே ‘நான்’ என்று பேசுகிறாள். படம் மனத்தைப் பிசைகிறது. ஆனாலும் அந்தக் குரலில் எனக்கு ஓர் உறுத்தல் உண்டு. இறந்தவர் மறுத்துப் பேச முடியாது. அவர் நினைத்தார் என்று நாம் கேட்பது மகள் நினைத்தது.

கர்ஸ்டன் ஜான்சனின் ‘டிக் ஜான்சன் இஸ் டெட்’ (2020) இந்தச் சிக்கலைக் கண்திறந்து எதிர்கொண்ட படம். உலகமெங்கும் பிறரின் படங்களுக்கு ஒளிப்பதிவு செய்தவர் கர்ஸ்டன். சொந்த அம்மா அல்சைமரில் மங்கிய பிறகு எடுத்த சில காட்சிகள் தவிர, அம்மா அம்மாவாக இருந்த காலத்தின் படம் அவரிடம் அநேகமாக இல்லை. அப்பாவுக்கும் மறதி தொடங்கியதும், அவர் இருக்கும்போதே, அவர் சம்மதத்தோடு, அவர் சாவதுபோல் நடிக்கவைத்துப் படமெடுக்க முடிவு செய்கிறார். ஏசி எந்திரம் தலையில் விழுகிறது, படிக்கட்டில் உருள்கிறார், சண்டைக் கலைஞர்கள் அவருக்குப் பதில் விழுகிறார்கள். சியாட்டிலில் அவர் போகும் தேவாலயத்திலேயே இரங்கல் கூட்டம் நடக்கிறது. உயிரோடு இருக்கும் அப்பா கதவுக்குப் பின்னாலிருந்து அதைப் பார்க்கிறார். நடிப்பென்று தெரிந்தும் நெருங்கிய நண்பர் தேம்பி அழுகிறார். அப்பா ஒரு மனநல மருத்துவர். நினைவு தப்புவது என்றால் என்ன என்று தொழில்முறையில் அறிந்தவர், அறிவு தெளிவாக இருந்தபோது சம்மதித்தார். ஆனால் மாதங்கள் போகப் போக, எதற்குச் சம்மதித்தோம் என்பதே அவருக்கு நழுவுகிறது. அப்போது ஒரு முறை வாங்கிய சம்மதம் போதுமா? போதாது. ஒவ்வொரு முறையும் கேட்க வேண்டும், முகம் சுருங்கினால் நிறுத்த வேண்டும். கர்ஸ்டன் அந்தத் தயக்கத்தைப் படத்துக்குள் வைத்திருக்கிறார் என்பதால்தான் அது நிற்கிறது. அப்பாவுக்கும் மகளுக்கும் இடையில் காலமெல்லாம் இருந்த அதிகாரம் அந்த இடத்தில் கைமாறிவிடுகிறது. படத்தொகுப்பு மேசையில் உட்கார்ந்திருப்பது மகள். எதை வெட்டுவது, எதை விடுவது என்று முடிவெடுப்பது மகள்.

எல்லா அப்பாக்களும் பரிவுக்கு உரியவர்கள் அல்லர். பிரெஞ்சு நாவலாசிரியர் கிறிஸ்தீன் ஆங்கோ 2024இல் எடுத்த ‘உன் ஃபாமிய்’, தம்மைச் சிறுவயதில் பாலியல் வன்முறைக்கு உள்ளாக்கிய அப்பாவைப் பற்றியது. அப்பா இறந்துவிட்டார். கேமராவோடு ஸ்ட்ராஸ்பூர் நகரில் அவருடைய மனைவியின் வீட்டுக் கதவைத் தள்ளிக்கொண்டு போகிறார் ஆங்கோ, பிறகு தம் தாயையும் முன்னாள் கணவரையும் கேட்கிறார். ஏன் யாரும் எதுவும் செய்யவில்லை? குடும்பப் படம் என்ற பெயரில் எல்லாவற்றையும் மென்மையாக்கிவிடும் பழக்கத்துக்கு இந்தப் படம் ஒரு கடுமையான மறுப்பு. இதைப் பார்த்த பிறகுதான் மற்ற படங்களின் பாசத்தை எவ்வளவு நம்பலாம் என்று எடைபோட முடிந்தது.

நம்மிடம் இதற்கு எழுத்தில் ஒரு முன்னோடி உண்டு. பாரதியார் 1921இல் மறைந்தபோது அவர் மகள் சகுந்தலாவுக்குப் பதின்வயது தொடங்கியிருந்தது. பின்னாளில் அவர் தந்தையைப் பற்றி எழுதினார், செல்லம்மா வானொலியில் தம் கணவரைப் பற்றிப் பேசினார். மகாகவியின் வீட்டு அடுப்படியை நமக்குக் காட்டியவர்கள் மேடைப் பேச்சாளர்கள் அல்லர், அந்தப் பெண்கள்தான். அவர்களுக்குக் கிடைக்காத கருவி இன்று ஒவ்வொருவர் கையிலும் இருக்கிறது.

ஆகவே இதைப் படிக்கும் மகள்களிடம் ஒரு வேண்டுகோள். அடுத்த பொங்கலுக்கு ஊருக்குப் போகும்போது அப்பாவைத் திண்ணையில் உட்காரவைத்துப் பேசச் சொல்லுங்கள். முதலில் அவர் சம்மதத்தைக் கேளுங்கள், பதிவைப் பிறகு அவருக்கே போட்டுக் காட்டுங்கள். சாதனைகளைக் கேட்காதீர்கள், அவற்றை அவர் தாமாகவே சொல்லிவிடுவார். முதல் சம்பளம் எங்கே போனது, யாரிடம் கடன் வாங்கினார், எந்த வேலையை யாருக்காக விட்டார் என்று கேளுங்கள். மின்விசிறியை நிறுத்திவிடுங்கள், இல்லாவிட்டால் குரல் தெளிவாக விழாது. பிறகு அம்மாவைத் தனியாக, அப்பா வீட்டில் இல்லாத நேரத்தில் உட்காரவைத்து, அதே கேள்விகளைக் கேளுங்கள். இரண்டு பதிவுகளையும் இரண்டு இடங்களில் சேமித்துவையுங்கள்.